டிப்போக் கட்டு

ஜனவரி 9

அன்புள்ள தம்பிக்கு,

அப்பா எழுதுவது. எனக்கு உடம்புக்கு ஒன்றும் குறைவில்லை. முழங்கால் மட்டும் மாடிப்படியைக் கண்டால் வம்பு பண்ணுகிறது. நீயும் மருமகளும் சுகமாக இருக்க வேண்டும். உன் கப்பல் கரையில் இருக்கிறதா, கடலில் இருக்கிறதா என்று தெரியாமலே இதை அனுப்புகிறேன்.

அம்மா போய் நேற்றோடு ஏழு மாதம். அவள் இருந்தவரை கடிதம் எழுதுவது அவள் இலாகா. கடைசியில் கையெழுத்துப் போடுவதோடு என் வேலை முடிந்தது. இப்போது முழுக் கடிதமும் என் தலையில் விழுந்த பிறகுதான் எனக்கு எழுத விஷயமே இல்லை என்று தெரிகிறது. வெயில் அடிக்கிறது, மழை பெய்கிறது என்று பத்துக் கடிதம் எழுதிவிட்டேன். நீயும் அங்கே வெயில், அங்கே மழை என்று பதில் போட்டாய். நம் இருவரையும் வானிலை ஆபீசில் வேலைக்குச் சேர்த்துக்கொள்வார்கள்.

ஓய்வு பெற்று இரண்டு வருஷமாகியும் காலை எட்டு மணிக்குக் கால் தானாகப் பஸ் டிப்போ பக்கம் போகிறது. என் இடத்துக்கு வந்திருக்கும் ஹெட் மெக்கானிக் நல்லவன். எனக்கென்று ஒரு ஸ்டூல் போட்டு வைத்திருக்கிறான். முந்தாநாள் ஒரு பஸ் மேடேறும்போது புகை கக்குகிறது என்று கொண்டு வந்தார்கள். நான் எழுந்து கிட்டே போனேன். "நீங்க உக்காருங்கண்ணே, நாங்க பாத்துக்கறோம்" என்றான். மரியாதையாகத்தான் சொன்னான். உட்கார்ந்துகொண்டேன்.

உன்னைக் கமாண்டராக உயர்த்தும் பட்டியல் இந்த வருஷம் வரும் என்று மருமகள் எழுதியிருந்தாள். பதினெட்டு வயசில் உன்னை ரயிலேற்றியபோது டிரங்குப் பெட்டியைத் தூக்கி வந்தவன் நான். பதினேழு வருஷம் ஓடிவிட்டது. நீயும் எஞ்சின் பார்க்கிறாய், நானும் எஞ்சின்தான் பார்த்தேன். ஆனாலும் உன் வேலை என்னவென்று யாராவது கேட்டால் எனக்குச் சொல்லத் தெரிவதில்லை.

நேரத்துக்குச் சாப்பிடு.
அப்பா

பிப்ரவரி 2

அன்புள்ள அப்பாவுக்கு,

வணக்கம். நானும் அவளும் நலம். முழங்காலுக்கு எண்ணெய் தேய்த்துக்கொள்ளுங்கள். மாடி அறையைப் பூட்டிவிட்டுக் கீழேயே படுங்கள்.

என் வேலை என்னவென்று கேட்டிருந்தீர்கள். கப்பலின் அடிவயிற்றில் இரண்டு டீசல் எஞ்சின்கள். ஒவ்வொன்றும் நம் முன் அறை அளவு. இருபது வருஷம் உழைத்தவை. பக்கத்தில் நின்று கத்தினாலும் கேட்காது. காதை மூடிக்கொண்டு கைச் சைகையில்தான் பேசுவோம். சூடு எப்படியென்றால், மேலே ஏறி வந்து வெயிலில் நின்றால் குளிரும். எனக்குக் கீழே பதினொரு பேர். அதில் ஒரு மாலுமிக்கு 'விசில்' என்று பெயர். யாருக்கும் கேட்காத அந்த இரைச்சலில் எப்போது பார்த்தாலும் உதட்டைக் குவித்து விசிலடித்துக்கொண்டிருப்பான். எஞ்சினைத் தொட்டே அதற்கு என்ன நோய் என்று சொல்லிவிடுவான். முப்பது வயசு. உங்களுக்கு அவனைப் பிடிக்கும்.

ஒரு சந்தேகம் கேட்கலாமா? இடது எஞ்சினில் மிச்ச டீசல் திரும்பிப் போகிற சின்னக் குழாய் ஒன்றில், வளைவுக்குப் பக்கத்தில், மயிரிழை அளவு விரிசல். இப்போதைக்கு ஈரம் மட்டும் கசிகிறது. புதுக் குழாய் கேட்டு எழுதியிருக்கிறேன், கிடங்கில் இல்லை என்கிறார்கள். பற்றவைக்கவும் வழியில்லை. டிப்போவில் இப்படி வந்தால் நீங்கள் என்ன செய்வீர்கள்?

அவசரமில்லை. முடிந்தபோது எழுதுங்கள்.

அன்புடன்,
உங்கள் மகன்

பிப்ரவரி 8

அன்புள்ள தம்பிக்கு,

அப்பா சுகம். உன் கடிதம் மத்தியானம் வந்தது. சாப்பாட்டை மூடி வைத்துவிட்டு இதை எழுத உட்கார்ந்தேன்.

கொல்லன் தெருவில் ஊசி விற்கிறேன் என்று சிரிக்காதே. நீ கேட்டாய், சொல்கிறேன். முதலில் குழாயைத் துடைத்துவிட்டு உப்புத்தாள் போட்டுத் தேய். எண்ணெய்ப் பிசுக்கு ஒரு துளி இருந்தாலும் கட்டு நகர்ந்துவிடும். பிறகு டீசல் போகிற ரப்பர் ஹோசில் ஒரு விரல் நீளம் வெட்டி, நெடுக்காகக் கீறி, விரிசல் மேல் கவிழ்த்து மாட்டு. கீறின வாய் விரிசலுக்கு எதிர்ப்பக்கம் இருக்க வேண்டும். இதில்தான் எல்லோரும் கோட்டை விடுவார்கள். சைக்கிள் ட்யூப் கூடவே கூடாது, டீசலில் ஊறிக் கூழாகிவிடும். அதற்கு மேல் மெல்லிய தகரத்தை ஒரு சுற்று. அதற்கு மேல் இரண்டு கிளிப், ஒன்றை முடுக்கி மற்றதை முடுக்கி, மாற்றி மாற்றி. ஒரேயடியாக முடுக்கினால் ஒரு பக்கம் பிதுங்கும். படம் போட்டிருக்கிறேன். வாழைக்காய் மாதிரி இருப்பதுதான் குழாய்.

முப்பத்தைந்து வருஷத்தில் இந்தக் கட்டு என்னைக் கைவிட்டதில்லை.

இன்னும் ஏதாவது சந்தேகம் இருந்தால் எழுது. எத்தனை வேண்டுமானாலும் கேள். மருமகளுக்கு என் ஆசீர்வாதம்.

அப்பா

மார்ச் 21, கடலிலிருந்து

அன்புள்ள அப்பாவுக்கு,

நலம். நீங்களும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். எண்ணெய் கொண்டுவரும் கப்பல் பக்கத்தில் நிற்கிறது. அரை மணியில் தபால் பை அதில் ஏறிவிடும், அதனால் சுருக்கமாக எழுதுகிறேன்.

புறப்பட்ட ஒரு வாரத்தில் விரிசல் பெரிதாகிவிட்டது. எஞ்சினை நிறுத்தினால் ஒற்றை எஞ்சினோடு பாதியில் திரும்ப வேண்டியிருக்கும், கேப்டனுக்கு அதில் விருப்பமில்லை. பதினாறாம் தேதி காலை நீங்கள் எழுதியபடியே கட்டுப் போட்டேன். படம் உதவியது. ஐந்து நாளாகச் சொட்டு இல்லை. மாற்றுக் குழாய் இந்தக் கப்பலிலும் வரவில்லை. இன்னும் எட்டு நாளில் கரை.

நன்றி அப்பா.

உங்கள் மகன்

மார்ச் 30

அன்புள்ள தம்பிக்கு,

அப்பா நல்ல சுகம். முழங்கால்கூட வாயை மூடிக்கொண்டிருக்கிறது. இந்நேரம் நீ கரை சேர்ந்து வீட்டுச் சாப்பாடு சாப்பிட்டிருப்பாய்.

உன் கடிதத்தைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு டிப்போவுக்குப் போனேன். தற்பெருமை தப்புதான். இருந்தாலும் படித்துக் காட்டினேன். "கப்பல் படையே நம்ம டிப்போகிட்டதான் கேக்குதாண்ணே!" என்று டீ வாங்கிக் கொடுத்தார்கள். ஹெட் மெக்கானிக் மட்டும் "அஞ்சு நாளாவா?" என்று கேட்டான். பிறகு பஸ்ஸுக்கு அடியில் வேலை பார்க்கப் போய்விட்டான். பொறாமையாக இருக்கும். அவன் போட்ட கட்டு ஐந்து மணி நேரம் தாங்கியதில்லை.

ஏப்ரல் 2. தபாலில் சேர்க்காமல் வைத்திருந்தேன், அதனால் கீழேயே எழுதுகிறேன். கப்பலில் தீ, ஒரு மாலுமி இறந்தார், சிலருக்குக் காயம் என்று பேப்பரில் நாலு வரி போட்டிருக்கிறான். உன் கப்பல் பெயர். அதிகாரி ஒருவருக்கும் காயம் என்றிருக்கிறது. தபால் ஆபீசில் நின்றுகொண்டு எழுதுகிறேன். நீ நன்றாக இருக்கிறாய் என்று ஒரு வரி போதும் தம்பி. யாரை விட்டாவது எழுதச் சொல். உடனே.

அப்பா

ஏப்ரல் 20

அன்புள்ள அப்பாவுக்கு,

கையெழுத்தைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். நான் சொல்லச் சொல்ல அவள் எழுதுகிறாள். உள்ளங்கையில் சின்னத் தீக்காயம், கட்டுப் போட்டிருக்கிறார்கள். மற்றபடி நலம். உங்களை இத்தனை நாள் தவிக்க விட்டதற்கு மன்னியுங்கள்.

தீ மின்சார ஒயரில் பிடித்தது. பழைய கப்பல், பழைய ஒயர். சீக்கிரமே அணைத்துவிட்டோம். ஒருவன் போய்விட்டான். நான் எழுதியிருந்தேனே, விசில் என்று, அவன்தான்.

வழக்கமான விசாரணை நடக்கிறது. அதனால் கொஞ்ச நாள் கரையில்தான் இருப்பேன். நீங்கள் இப்போது புறப்பட்டு வர வேண்டாம். வெயில் அதிகம்.

உங்கள் மகன்

ஏப்ரல் 26

அன்புள்ள தம்பிக்கு,

இருபது நாளுக்கு மேல் கழித்துத்தான் எனக்கு மூச்சு வந்தது. நீ உயிரோடு இருக்கிறாய், அது போதும். கையை ஈரம் படாமல் பார்த்துக்கொள். மருமகளின் கையெழுத்து முத்து மாதிரி இருக்கிறது, இனிமேல் அவளையே எழுதச் சொல்.

அந்த விசில் பையனை நினைத்தால் மனசு கிடந்து அடித்துக்கொள்கிறது. நான் பார்த்ததே இல்லை, ஆனாலும் பழகினவன் போல இருக்கிறது. பெற்றவர்கள் இருக்கிறார்களா?

கேட்கக்கூடாத நேரம்தான், இருந்தாலும் கேட்கிறேன். அந்தக் கட்டு என்னவாயிற்று? கரை வரை தாங்கியதா? நல்ல வேளை, தீ ஒயரில் பிடித்தது. டீசல் குழாயில் பிடித்திருந்தால் கப்பலே போயிருக்கும். பதில் எழுதும்போது ஒரு வரி சேர்த்து எழுது, டிப்போவில் கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள்.

அப்பா

மே 6

அன்புள்ள மாமாவுக்கு,

வணக்கம். உங்கள் உடம்பு எப்படி இருக்கிறது? இதை நான் எழுதுவது அவருக்குத் தெரியாது. படித்ததும் கிழித்துவிடுங்கள்.

மாமா, உங்கள் காலில் விழுந்து கேட்கிறேன், இனி அந்தக் குழாயைப் பற்றி அவரிடம் கேட்காதீர்கள். போன கடிதத்தைப் படித்துவிட்டு இரண்டு நாள் அவர் வாயே திறக்கவில்லை. உங்களிடம் மறைத்துவிடலாம் என்றுதான் நானும் நினைத்தேன். ஆனால் நீங்கள் கேட்டுக்கொண்டே இருப்பீர்கள். அவரும் தினம் செத்துக்கொண்டே இருப்பார்.

தீ ஒயரில் பிடிக்கவில்லை. பதினோராவது நாள், மத்தியானம், அந்தக் கட்டுத்தான் விட்டது. பக்கத்தில் புகைபோகிற பெரிய குழாய் ஓடுகிறதாம். அந்தச் சூட்டில் ரப்பர் இளகிவிட்டது. டீசல் அதன் மேல் பீச்சியடித்துத் தீப்பிடித்தது. விசில் என்கிறவர் அந்த எஞ்சினுக்கு அடியில் வேலை செய்துகொண்டிருந்தார். இவர்தான் தீக்குள் கைவிட்டு அவரை இழுத்தார். மூன்றாம் நாள் ஆஸ்பத்திரியில் அவர் போய்விட்டார். இவருக்கு இரண்டு கையிலும் தோல் இல்லை. சின்னக் காயம் என்று என்னை எழுத வைத்தார், நானும் எழுதினேன்.

இப்படி ஒரு கட்டு எந்தப் புத்தகத்திலும் இல்லையே, யார் சொல்லிக் கொடுத்தது என்று விசாரணையில் மூன்று தடவை கேட்டார்களாம். என் சொந்த யோசனை என்று மூன்று தடவையும் சொல்லியிருக்கிறார். ஏன் அப்படிச் சொன்னீர்கள் என்றேன். "எங்கப்பா பேரு அந்தக் காகிதத்துல வரக் கூடாது" என்றார்.

உங்கள் மேல் எனக்குக் கோபமில்லை என்று எழுத நினைத்தேன். கொஞ்சம் இருக்கிறது மாமா. மன்னித்துவிடுங்கள்.

மருமகள்

மே 12

அன்புள்ள மருமகளுக்கு,

நீ கோபப்பட்டது சரி அம்மா. அவன் கையை நன்றாகப் பார்த்துக்கொள். எனக்குத் தெரிந்துவிட்டது என்று அவனிடம் சொல்லாதே.

உன்னிடம் ஒன்று சொல்ல வேண்டும். அந்தக் கட்டு ஒரு நடைக்குத்தான். வழியில் நின்றுபோன பஸ்ஸை டிப்போவுக்குக் கொண்டுவந்து சேர்க்கும் வரைதான். வந்ததும் முதல் வேலையாக அதை வெட்டி எறிவோம். டிப்போவில் பெருக்குகிறவருக்குக்கூட இது தெரியும், அதனால் யாரும் யாருக்கும் இதைச் சொல்வதில்லை.

நான் அவனுக்கு அதை எழுதினேன். ஒரு நடைக்கு மேல் நம்பாதே, சூடுள்ள இடத்தில் போடாதே என்று எழுதினேன். பிறகு படித்துப் பார்த்தேன். அவன் அதிகாரியாகி முதல் லீவில் வந்தபோது, போல்ட்டை எதிரும் புதிருமாக முடுக்க வேண்டும் என்று ஏதோ சொன்னேன். "தெரியும்பா, படிச்சிருக்கேன்" என்றான். கோபமாகச் சொல்லவில்லை. ஆனால் அன்றைக்குப் பிறகு நான் அவனுக்கு ஒன்றும் சொன்னதில்லை. பத்து வருஷத்துக்கு மேல் கழித்து அவனாக ஒன்று கேட்டிருக்கிறான். இதைக்கூடவா அப்பா எழுத வேண்டும் என்று சிரிப்பானே என்று தோன்றியது. அந்தத் தாளைக் கிழித்துவிட்டு, அந்த வரி இல்லாமல் வேறு தாளில் எழுதி அனுப்பினேன். ஐந்து நாளாவா என்று ஹெட் மெக்கானிக் கேட்டானே, அவனுக்குப் புரிந்திருக்கிறது. பொறாமை என்று நினைத்த மடையன் நான்.

இறந்தவரின் வீட்டு முகவரி வேண்டும். எப்படியாவது விசாரித்து எழுது.

மாமா

ஜூன் 4

அன்புள்ள தம்பிக்கு,

அப்பா எழுதுவது. சுகம் விசாரித்து எழுதுகிற நிலையில் நான் இல்லை. உன் கை ஆறிவருகிறது என்று தெரியும். எனக்கு எல்லாமே தெரியும். மருமகளைத் திட்டாதே.

போன வாரம் விசிலின் அப்பாவைப் பார்த்துவிட்டு வந்தேன். ஆறு மணி நேரம் பஸ். நாலு மாடிக் கட்டிடம் ஒன்றின் ஓரத்தில் தகரம் வேய்ந்து, ஒரு மேஜை போட்டுத் துணி தேய்க்கிறார். என் வயசுதான் இருக்கும். "என் பையன் அந்தக் கப்பல்ல இருக்கான்" என்றேன். அவ்வளவுதான் சொன்னேன். துணி மூட்டையை நகர்த்தி, "அப்ப நம்ம வீட்டு ஆளுதான், உக்காருங்க" என்றார்.

கொஞ்ச நேரம் கழித்து மேஜை இழுப்பறையிலிருந்து ஒரு கடிதத்தை எடுத்தார். மகன் கடைசியாகப் போட்டது, எண்ணெய்க் கப்பலில் உன் கடிதத்தோடு வந்ததுதான். "எனக்குப் படிக்கத் தெரியாதுங்க. மாடி வீட்டு டீச்சர் ரெண்டு தடவை படிச்சுக் காட்டினாங்க. திரும்பக் கேக்க அவங்ககிட்ட கூச்சமா இருக்கு. நீங்க ஒரு தடவை படிங்களேன்" என்றார்.

சத்தமாகப் படித்தேன். நடுவில் இப்படி இருந்தது. எனக்கு மனப்பாடம் ஆகிவிட்டது:

"எங்க எஞ்சின் ஆபீசர் சிரிச்சு நாங்க பாத்ததே இல்ல. அன்னிக்குச் சிரிச்சாரு. உடைஞ்ச குழாய்க்கு ஒரு கட்டுப் போட்டாரு பாரு, அப்படி ஒரு கட்டு. எங்க சார் கத்துக்கிட்டீங்கன்னு கேட்டேன். எங்கப்பாகிட்ட, அவர் பஸ் டிப்போ மெக்கானிக், எனக்குத் தெரிஞ்ச எஞ்சின்ல பாதி அவர் மடியில உக்காந்து தெரிஞ்சுக்கிட்டதுதான்னு சொன்னாரு. நாங்க அதுக்கு டிப்போக் கட்டுன்னு பேரு வெச்சுட்டோம். சாக்பீஸ்ல பக்கத்துல எழுதியும் வெச்சாச்சு. தினம் ஒரு தடவை போய்ப் பாத்துச் சிரிச்சுட்டு வர்றாரு."

அவர் இஸ்திரிப் பெட்டியை ஓட்டிக்கொண்டே கேட்டார். "அந்தப் பெரியவர் எங்க இருக்காரோ, நல்லா இருக்கட்டும்" என்றார்.

என்னால் முடியவில்லை தம்பி. "நான்தாங்க அது" என்றேன். "அந்தக் கட்டு விட்டுத்தான் தீப்பிடிச்சுது" என்றேன். எழுதாமல் விட்ட வரியையும் சொன்னேன். உனக்கும் அது தெரிய வேண்டும். ஒரு நடைக்கு மேல் நம்பாதே என்று எழுதிவிட்டு, நீ சிரிப்பாய் என்று அந்தத் தாளைக் கிழித்துப் போட்டவன் நான். அவர் அசையவில்லை. சட்டை கருகுகிற வாசனை வந்த பிறகுதான் பெட்டியைத் தூக்கினார். யாருடையதோ வெள்ளைச் சட்டை. முதுகில் பெட்டி அளவுக்குப் பழுப்பாகிவிட்டது.

"அவனுக்கு ரொம்ப வலிச்சுதாமா?" என்று கேட்டார். தெரியாது என்றேன். கடிதத்துக்காகக் கையை நீட்டினார். கொடுத்தேன். "போங்க" என்றார். எழுந்து வந்துவிட்டேன்.

விசாரணைக் குழுவுக்கு இரண்டு பக்கம் எழுதிப் பதிவுத் தபாலில் அனுப்பிவிட்டேன். கட்டு என்னுடையது, சொல்லாமல் விட்டது நான், என் மகன் நான் சொன்னதைத்தான் செய்தான் என்று எழுதியிருக்கிறேன். எனக்காக நீ பொய் சொன்னது போதும்.

என் மடியில் உட்கார்ந்து கற்றேன் என்று பதினொரு பேரிடம் சொன்னாயே, என்னிடம் ஒரு தடவை சொல்லியிருக்கக் கூடாதா? செத்தவன் கடிதத்தில் படித்தா நான் அதைத் தெரிந்துகொள்ள வேண்டும்?

அப்பா

ஜூன் 29

அன்புள்ள அப்பாவுக்கு,

என் கையாலேயே எழுதுகிறேன். எழுத்துக் கோணலாக இருக்கும். விரல் இனி முழுசாக மடங்காது என்கிறார்கள். நீங்கள் சாப்பிடுகிறீர்களா? அவளுக்கு உங்களைப் பற்றித்தான் கவலை.

விசாரணை முடிந்துவிட்டது. உங்கள் கடிதத்தைக் குழுத் தலைவர் என்னிடமே திருப்பிக் கொடுத்தார். "உங்க அப்பா எஞ்சினியர் இல்ல, நீங்கதான் எஞ்சினியர்" என்றார். சரியாகத்தான் சொன்னார். கமாண்டர் பட்டியலிலிருந்து என் பெயரை எடுத்துவிட்டார்கள். இனிக் கப்பலில் வேலை இல்லை. கரையில் ஒரு கிடங்கைப் பார்க்கச் சொன்னார்கள். நான் விலகல் கடிதம் கொடுத்துவிட்டேன்.

குழுவிடம் சொல்லாத ஒன்றை உங்களிடம் சொல்ல வேண்டும். இதையும் உங்கள் தலையில் ஏற்றுகிறேனோ என்று பயந்துதான் இத்தனை நாள் எழுதவில்லை.

நீங்கள் எழுதாத வரி எனக்குத் தெரியும் அப்பா. நான் படித்தவன். அது நிரந்தரமில்லை என்று போடும்போதே தெரியும். அம்மா போன பிறகு உங்களுக்கு எழுத ஏதாவது இருக்கட்டும் என்றுதான் முதலில் அந்தச் சந்தேகத்தைக் கேட்டேன். பதில் வந்தது. நாலு பக்கம். அவ்வளவு சந்தோஷமாக நீங்கள் எனக்கு எழுதியதே இல்லை.

ஒன்பதாம் நாள் காலை விசில் என் தோளைத் தட்டினான். என் கையைப் பிடித்துக் கட்டின் மேல் வைத்தான். மெத்தென்று இருந்தது. காதுக்குள் வாயை வைத்து, "சார், டிப்போக் கட்டு வேர்க்குது சார். எஞ்சினை நிறுத்திடலாம்" என்று கத்தினான். நான் சொல்லியிருந்தால் கேப்டன் முணுமுணுத்துவிட்டு நிறுத்தியிருப்பார். கரைக்கு இன்னும் நாலு நாள்தான். பதின்மூன்று நாள் தாங்கியது, கரை சேர்ந்தோம் என்று உங்களுக்கு எழுத வேண்டும் என்று ஆசைப்பட்டேன். அந்தக் கடிதத்தை மனசுக்குள் எழுதியும் வைத்திருந்தேன். அவனிடம் தலையை ஆட்டினேன். தாங்கும் என்று கட்டைவிரலைக் காட்டினேன். அவன் அதற்குப் பிறகு கேட்கவில்லை. பதினோராம் நாள் அவன் அதன் அடியில் போய்ப் படுத்தது, எங்காவது சொட்டுகிறதா என்று பார்ப்பதற்குத்தான்.

அவனுக்கு வலித்ததா என்று அவன் அப்பா கேட்டார் என்று எழுதியிருந்தீர்கள். வலித்தது அப்பா. மூன்று நாளும் பக்கத்துக் கட்டிலில் நான்தான் இருந்தேன்.

உங்கள் மகன்

ஜூலை 5

அன்புள்ள தம்பிக்கு,

கடிதம் கிடைத்தது. நான்கு தடவை படித்தேன். சாப்பிடுகிறேன். அதைப் பற்றிக் கவலைப்படாதே.

உன்னைத் திட்ட எனக்குத் தகுதி இல்லை. தேற்றவும் தெரியவில்லை. அம்மா இருந்திருந்தால் இரண்டையும் செய்திருப்பாள்.

இரண்டு நாளாக ஒன்றே ஒன்றைத்தான் நினைத்துக்கொண்டிருக்கிறேன். அந்தப் பையன் கண்டுபிடித்துவிட்டான். நீ படித்திருந்தாய், நான் முப்பத்தைந்து வருஷம் பார்த்திருந்தேன். நம் இருவருக்கும் முன்னால் அவன் கையை வைத்துப் பார்த்துச் சொன்னான். ஏதோ தீ, ஏதோ விபத்து, பாவம் மாட்டிக்கொண்டான் என்றுதான் அவன் அப்பா நினைத்துக்கொண்டிருக்கிறார். நான் போய்ச் சொன்னதிலும் என் கதைதான் இருந்தது, அவர் மகனைப் பற்றி ஒன்றும் இல்லை. அவன் எவ்வளவு நல்ல வேலைக்காரன், அவன் பேச்சைக் கேட்டிருந்தால் இன்றைக்கு எல்லோரும் இருந்திருப்பார்கள் என்று அவருக்குத் தெரிய வேண்டாமா? அது இந்த உலகத்தில் உனக்கு மட்டும்தான் தெரியும்.

அவருக்குப் படிக்கத் தெரியாது. கடிதம் எழுதி அனுப்பிவிட்டுக் கதவைச் சாத்திக்கொள்ள முடியாது. நேரில்தான் சொல்ல வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை வந்துவிடு. மறுநாள் காலை ஆறு பத்துக்கு ஒரு பஸ் இருக்கிறது, மத்தியானம் போய்ச் சேரும். நானும் கூட வருகிறேன். அவர் உட்காரச் சொல்ல மாட்டார், நின்றபடியே சொல். கையைப் பையில் விட்டுக்கொள்ளாதே, அவர் அதைப் பார்க்கட்டும். வலித்ததா என்று திரும்பவும் கேட்பார். மூன்று நாளும் பக்கத்தில் இருந்தவன் நீ. மறைக்காமல் சொல்லிவிடு.

அப்பா